பத்து நாற்பது வரை

லுத்கார்ட் டானென்ஸ் இறந்து பதினோரு மாதம்.
லூவன் நகர நூலகத்தின் நிலவறைக்கு
அவர் தாள்கள் இரண்டு பெட்டிகளில் வந்திருக்கின்றன.
ஒன்றில் நியாயக் கூலி, தொழிற்சங்கம், பொதுநலன்,
திருத்தந்தையரின் சுற்றுமடல்களுக்கு வரிவரியாய் எழுதிய உரைகள்.
மற்றதில் கிரேக்கத்து அவல நாடகங்கள்.
இரண்டு தொகுதி போடலாம் என்கிறார் பதிப்பாளர்.
வாசகர்கள் வேறு வேறு ஆட்கள்.
விலையும் வேறு.

நான் மெய்ப்புப் பார்ப்பவன்.
எனக்கு இறைப்பற்றும் குறைவு, கிரேக்கமும் குறைவு.
காற்புள்ளி தெரியும்.
அதை வைத்துச் சொல்கிறேன்:
இரண்டு பெட்டியிலும் ஒரே ஆள்தான் மூச்சு வாங்குகிறார்.
'ஆகவே' என்று தொடங்கவேண்டிய இடம் வந்ததும்
பத்தியை நிறுத்திவிடுகிறார்.

நாடகப் பெட்டியில் ஒரு கட்டுரை,
அரசன் செத்த பிறகும் மேடையில் நிற்கும் பாடுகுழுவைப் பற்றி.
எல்லோரும் அவர்களுடைய ஞானத்தைப் பேசுவார்கள்.
இவர் கேட்கிறார்: அன்று இரவு அவர்களுக்கு யார் சோறு போட்டது?

கூலிப் பெட்டியில் ஒரு கட்டுரை,
வேலைநிறுத்தத்தின் பத்தொன்பதாம் நாள் பற்றி.
மேசைக்கு இந்தப் பக்கமும் நியாயம், அந்தப் பக்கமும் நியாயம்.
மேசை இருக்கிறதே, உட்காருங்கள் என்கிறது திருச்சபை.
மேசையும் எரியும் என்கிறது நாடகம்.
இரண்டையும் எழுதிவிட்டு
ஓரத்தில் பென்சிலால் 'மழை' என்று குறித்திருக்கிறார்.
அன்று மழை பெய்திருக்கலாம்.

நேற்று, எண்பத்தேழாம் பக்கத்திலிருந்து
அடையாளத்துக்குச் செருகிய ஒரு சீட்டு விழுந்தது.
நிலக்கரிச் சுரங்கத்துச் சம்பளச் சீட்டு.
பெயர்: ரெமி டானென்ஸ். மூன்றாம் சுரங்கவாய்.
திங்கள், முழுநாள்.
செவ்வாய், முழுநாள்.
புதன், காலை ஆறு முதல் பத்து நாற்பது வரை.
பிடித்தம்: திரும்பி வராத விளக்கு ஒன்று.

அடியில் தீ.
பத்து நாற்பதுக்குத்தான் வாயை அடைத்திருக்கிறார்கள்.
அடைக்காமல் விட்டிருந்தால்
பக்கத்துச் சுரங்கத்தில் இருநூறு பேர்.
இதையும் அவரே எழுதி வைத்திருக்கிறார்,
அடைக்கச் சொன்ன பொறியாளரின் பெயரோடு,
ஒரு வசவும் இல்லாமல்.

சீட்டின் பின்பக்கம், மாணவப் பருவத்துக் கையெழுத்து:
"கணக்கர் ஃபிர்மின் கோசெயைப் போய்ப் பார்த்தேன்.
ஞாயிறு தவறாமல் பூசைக்கு வருபவர், சங்கத்துப் பொருளாளர்.
அந்தக் குளிர்காலம் முழுக்க
அம்மாவுக்குத் தன் காசில் ரொட்டி வாங்கித் தந்தவர்.
சரியாகத்தான் எழுதினேன் என்றார்.
மூன்று தடவை கூட்டிப் பார்த்தேன் என்றார்.
என் காபி ஆறிப்போனது.
அவர் அழுது முடிக்கவில்லை."

கீழே, பல வருடம் கழித்து, வேறு மையில்:
"அவலம் ஒரு பகலுக்குள் முடியவேண்டும் என்பது
நாடக இலக்கணக்காரர்கள் போட்ட விதி.
நிமிடம்வரை அதைக் காப்பாற்றியவர் எனக்குத் தெரிந்து இவர் ஒருவர்தான்."

நியாயக் கூலி நூலின் முதல் தாளில்
'ஃ. கோ. அவர்களுக்கு' என்று ஒரு காணிக்கை உண்டு.
பழைய காதல் என்று நினைத்திருந்தேன்.
பெயரை விரித்துப் போடலாமா என்று
அச்சகத்திலிருந்து கேட்டிருக்கிறார்கள்.
எழுத்துகளுக்குக் கீழே புள்ளி வைத்தேன்:
இருப்பது இருக்கட்டும்.

சீட்டை எந்தப் பெட்டியில் வைப்பது?
கூலிதான், சந்தேகமில்லை.
எழுந்து போய் வைத்தேன்.
மறுபடி எழுந்து போய் எடுத்தேன்.
வெளியே டிராம் திரும்பும் சத்தம்,
பக்கத்து அறையில் யாரோ நாற்காலி இழுக்கும் சத்தம்.

எனக்கு மணிக்கணக்கில் சம்பளம்.
மாலையில் நேரத் தாளை எடுத்தேன்.
இரண்டு மணிக்கு வந்தேன்.
சீட்டு விழுந்தது மூன்று ஐந்துக்கு.
அதற்குப் பிறகு ஒரு வரிகூடத் திருத்தவில்லை.

இரண்டு முதல் ஐந்தரை வரை என்று எழுதினேன்.
கூட்டிப் பார்க்கவில்லை.